‘நீ’ என்ற சொல்லுக்கு என்ன தண்டனை?

மண்ணூர்பேட்டையில் ஜனங்கள் மிகக் கவனமாக, வரி வரியாக, திரும்பத் திரும்ப வாசிக்கும் உரைநடை எது என்று யாராவது கேட்டால், நாவல் என்றோ நாளிதழ் என்றோ சொல்ல மாட்டேன். மெமோ என்றுதான் சொல்வேன். பாடியைத் தாண்டி சி.டி.எச். சாலையில் அம்பத்தூர் போகும் வழியில், எஸ்டேட்டை ஒட்டியிருக்கிற ஊர் இது. 1960களில் அரசு உருவாக்கிய தொழிற்பேட்டை அது. லேத் பட்டறை, பிரஸ் ஷாப், ஆயத்த ஆடைக் கம்பெனி, இப்போது கண்ணாடிக் கட்டடங்களில் ஐ.டி. அலுவலகம். இங்கே ஒரு மெமோ வந்தால் வாங்கியவர் வாசிப்பார், மனைவி வாசிப்பார், எதிர்வீட்டில் பி.காம். படிக்கும் பையன் வாசித்து அர்த்தம் சொல்வான், யூனியன்காரர் வாசித்து உதட்டைப் பிதுக்குவார். இத்தனை ஆழ்ந்த வாசகர்கள் எந்தத் தமிழ் எழுத்தாளருக்கும் வாய்த்ததில்லை.

ஆனால் இந்த உரைநடையைப் பற்றி ஒரு விமர்சனக் கட்டுரை எழுத நமக்குத் தோன்றியதில்லை. தொழிலாளர் வாழ்க்கை நம் இலக்கியத்துக்குப் புதிதல்ல. ரகுநாதனின் ‘பஞ்சும் பசியும்’ இருக்கிறது. செல்வராஜின் ‘தோல்’ சாகித்திய அகாதமி விருதே வாங்கியது. பசி, சுரண்டல், சங்கம், போராட்டம் எல்லாம் எழுதப்பட்டுவிட்டன. மேஜைக்கு அந்தப் பக்கம் விசாரணை அதிகாரி, இந்தப் பக்கம் ஒரு மெஷின் ஆபரேட்டர், நடுவில் டைப் அடிக்கிற ஒருவர் என்று நடக்கும் உள்விசாரணையை மையமாக வைத்து நான் வாசித்த கதை எதுவும் நினைவுக்கு வரவில்லை. வேலைநிறுத்தத்தில் கூட்டம் இருக்கிறது, கொடி இருக்கிறது. என்கொயரியில் ஒரே ஒரு ஆள். எதிரே தாள்.

அந்தத் தாளைத்தான் இங்கே விமர்சகனாக வாசிக்கப் போகிறேன். தவறு செய்தார் என்று சொல்லி வேலையை விட்டு அனுப்பப்பட்டவருக்குச் சட்டம் என்ன பரிகாரம் வைத்திருக்கிறது என்ற கேள்விக்கு, பிரிவு எண்களை வரிசைப்படுத்தி ஒரு விடை சொல்லலாம். எனக்குப் பட்டது வேறு: அந்தப் பரிகாரம் மொத்தமும் ‘இரண்டாவது வாசகர்’ என்ற ஒற்றை உரிமையில் நிற்கிறது. கம்பெனி எழுதிய கதையைக் கம்பெனிக்கு வெளியே ஒருவர் மறுபடி வாசிக்கும் உரிமை. அந்த வாசகர் நல்ல வாசகராக இருந்த நாட்களும் உண்டு, மோசமான வாசகராக இருந்த நாட்களும் உண்டு.

1

முதலில் மெமோவின் நடை. எந்தக் கம்பெனியின் தாளையும் இங்கே எடுத்துப் போடவில்லை. வாய்பாடு எல்லா இடத்திலும் ஒன்றுதான் என்பதால் மாதிரிக்கு நானே ஒன்று எழுதுகிறேன்.

“தாங்கள் இரண்டாம் ஷிப்டில் பணியில் இருந்தபோது, தங்கள் மேற்பார்வையாளரைத் தகாத வார்த்தைகளால் திட்டியும், அவரை ஒருமையில் பேசியும், அவரது உத்தரவுக்குக் கீழ்ப்படிய மறுத்தும், ஆலையின் ஒழுங்கைக் குலைக்கும் வகையில் நடந்துகொண்டதாகத் தெரிய வருகிறது.”

முதல் சொல்லைப் பாருங்கள். ‘தாங்கள்’. பத்து வருஷமாக “டேய், இங்க வா” என்று கூப்பிடப்பட்ட ஒருவர், கம்பெனியால் ‘தாங்கள்’ என்று அழைக்கப்படும் முதல் நாள் அவர் மேல் குற்றம் சுமத்தப்படும் நாள்தான். மெமோவின் மரியாதை விலகலின் அடையாளம். நேற்று வரை உள்ளே இருந்தவரை ஒரு கை தூரத்தில் நிறுத்துகிற மரியாதை.

அடுத்து ‘தகாத வார்த்தைகள்’. எந்த வார்த்தைகள்? மெமோ சொல்லாது. அச்சில் ஏற்றக் கூசும் என்ற பாவனையில் விட்டுவிடும். ஆனால் வார்த்தை என்னவென்று தெரியாமல் அதை மறுப்பது எப்படி? குற்றச்சாட்டு குறிப்பாக, பதில் சொல்லக்கூடிய அளவுக்குத் தெளிவாக இருக்க வேண்டும் என்று நீதிமன்றங்கள் பலமுறை சொல்லியிருக்கின்றன. மெமோ எழுதுகிறவருக்கும் இது தெரியும். தெரிந்தும் பெயரடையை நம்புகிறார். மோசமான சிறுகதைக்காரர்கள் காட்சியை எழுதத் தெரியாத இடத்தில் ‘கொடூரமான’, ‘அருவருப்பான’ என்று போட்டுவிட்டுப் போவார்களே, அதே உத்தி. சாட்சியம் செய்ய வேண்டிய வேலையைப் பெயரடை செய்கிறது.

‘ஒழுங்கைக் குலைக்கும் வகையில்’ என்பதற்குத் தனி வரலாறே உண்டு. தொழிற்சாலை நிலையாணைகளில் எவையெவை ஒழுங்கீனம் என்று பட்டியல் இருக்கும். திருட்டு, கீழ்ப்படியாமை, குடித்துவிட்டு வருவது, அடிக்கடி சொல்லாமல் நிற்பது, இப்படிப் போகும். கூடவே ஒழுங்கைக் குலைக்கும் எந்தச் செயலும் என்று ஒரு வரி. மற்றதெல்லாம் அளவெடுத்துத் தைத்த சட்டை, இது யாருக்கும் பொருந்தும் போர்வை. 1983இல் கிளாக்ஸோ வழக்கில், ஒழுங்கீனம் எது என்று முன்கூட்டியே பட்டியலில் சொல்லியிருக்க வேண்டும், நடந்த பிறகு ஒரு செயலை எடுத்து இதுவும் ஒழுங்கீனம்தான் என்று சேர்க்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. போர்வையை யாரும் மடித்து வைக்கவில்லை.

கடைசியாக, ‘தெரிய வருகிறது’. யாருக்குத் தெரிய வருகிறது? எப்படி? வாக்கியத்தில் எழுவாயே இல்லை. நாவலில் எல்லாம் அறிந்த கதைசொல்லியைப் பழசு என்று நாம் எப்போதோ ஒதுக்கிவிட்டோம். எச்.ஆர். அலுவலகத்தில் அவர் இன்னும் பணியில் இருக்கிறார்.

2

அந்த மாதிரி வாக்கியத்தில் நான் வேண்டுமென்றே தாண்டி வந்த சொல் ‘ஒருமையில்’. இந்தக் கட்டுரையை எழுதத் தூண்டியதே அந்தச் சொல்தான்.

தமிழில் ‘நீ’ சொல்வதும் ‘நீங்க’ சொல்வதும் இலக்கணப் பிரச்சினை இல்லை. வயசு, சாதி, பதவி, பழக்கம், அன்பு, கோபம் எல்லாம் அந்த ஒரு விகுதியில் உட்கார்ந்திருக்கின்றன. ஐம்பது வயது ஃபிட்டரை இருபத்தைந்து வயது டிப்ளமா சூப்பர்வைசர் “நீ போய் அத எடுத்துட்டு வா” என்றால் அது நிர்வாகம். அந்த ஃபிட்டர் திருப்பி “நீ எடுத்துக்க” என்றால் அது ஒழுங்கீனம். இரண்டு பேரும் சொன்னது ஒரே சொல். ஒன்று ஷிப்ட் முடிந்ததும் காற்றோடு போய்விடும், இன்னொன்று காகிதத்தில் ஏறும்.

இப்போது இதை ஆங்கிலத்தில் பதிவு செய்து பாருங்கள். பல கம்பெனிகளில் விசாரணை நடப்பது தமிழில், குறிப்பேடு தயாராவது ஆங்கிலத்தில். ஆங்கிலத்தில் நீயும் நீங்களும் ஒரே ‘யூ’. சண்டைக்குக் காரணமான சொல்லே மொழிபெயர்ப்பில் மறைந்துவிடுகிறது. அதை ஈடுகட்ட விசாரணை அதிகாரி ‘மரியாதையற்ற முறையில்’ என்று ஒரு சொற்றொடரைச் சேர்க்கிறார். அந்தச் சொற்றொடர் அவருடைய தீர்மானம். ஆனால் குறிப்பேட்டில் அது சாட்சி சொன்னதுபோலவே நிற்கும். சூப்பர்வைசர் முதலில் சொன்ன ‘நீ’ எந்த அடைமொழியும் இல்லாமல் வெறும் ‘யூ’ ஆகிவிடும். அதாவது மேலிருந்து வந்த ஒருமை அழிகிறது, கீழிருந்து போன ஒருமை மட்டும் தங்குகிறது. லேபர் கோர்ட் தாண்டி உயர் நீதிமன்றம் போகும்போது நீதிபதியின் கையில் இருப்பது இந்த ஆங்கிலம்தான்.

தொழிலாளிக்குப் புரியும் மொழியில் விசாரணை நடக்க வேண்டும் என்பது சட்டத்தில் ஏற்கப்பட்ட நெறி. புரிவது மட்டும் போதாது என்பதே என் கட்சி. சொன்ன சொல் சொன்ன மொழியில் பதிவாக வேண்டும். கையெழுத்துப் போடும்முன் “நான் பேசியதைத் தமிழில் அப்படியே எழுதுங்கள்” என்று கேட்கும் தொழிலாளி, தெரிந்தோ தெரியாமலோ, மொழிபெயர்ப்பு பற்றி நாம் இணையத்தில் நடத்தும் விவாதங்களைவிடக் கறாரான ஒரு நிலைப்பாட்டை எடுக்கிறார்.

3

உள்விசாரணையில் இன்னொரு விசித்திரம் உண்டு. குற்றம் சாட்டுவது கம்பெனி. விசாரிப்பவரை நியமிப்பது கம்பெனி. அவர் அறிக்கையை வாசித்துத் தண்டனை கொடுப்பதும் கம்பெனி. இதற்கு ‘விசாரணை’ என்று பேர். இதைக் கேலி செய்வது சுலபம். ஆனால் சட்டம் இந்த அமைப்பை ஏற்றுக்கொண்டு, அதற்குள் சில ஒழுங்குகளை மெல்ல மெல்லக் கொண்டுவந்தது என்பதையும் சொல்ல வேண்டும்.

1963இல் மீங்ளாஸ் தேயிலைத் தோட்ட வழக்கில், தாங்களே சாட்சியாக இருக்கும் ஒரு சம்பவத்தைத் தாங்களே விசாரித்த அதிகாரிகளின் விசாரணை செல்லாது என்றது உச்ச நீதிமன்றம். அதே ஆண்டு அசோசியேட்டட் சிமெண்ட் வழக்கில், முதலில் நிர்வாகம் தன் சாட்சியை வைக்க வேண்டும், எடுத்த எடுப்பில் தொழிலாளியைக் குறுக்கு விசாரணை செய்து அவர் வாயிலிருந்தே குற்றத்தைக் கறக்கக் கூடாது என்று சொன்னது. 1993இல் இ.சி.ஐ.எல். வழக்கில், தண்டனைக்கு முன் விசாரணை அறிக்கையின் நகலைத் தொழிலாளியிடம் கொடுத்து அவர் கருத்தைக் கேட்க வேண்டும் என்றது. இதை வாசித்தபோது எனக்கு வியப்புதான். தன்னைப் பற்றி எழுதப்பட்டதைத் தானே வாசிக்கும் உரிமை ஒரு மனிதனுக்கு உண்டு என்று இவ்வளவு உறுதியாகத் தீர்த்துச் சொல்ல 1993 வரை ஆகியிருக்கிறது.

எதிர்த்திசையில் போன தீர்ப்பும் உண்டு. 1977இல் ஹரியானா பஸ் கண்டக்டர் ஒருவரின் வழக்கு. பயணிகளிடம் காசு வாங்கிக்கொண்டு டிக்கெட் கொடுக்கவில்லை என்று குற்றச்சாட்டு. அந்தப் பயணிகளில் ஒருவரைக்கூட விசாரிக்கவில்லை. பரவாயில்லை, உள்விசாரணைக்கு நீதிமன்றச் சாட்சியச் சட்டம் அப்படியே பொருந்தாது, கொஞ்சமாவது சாட்சியம் இருந்தால் போதும் என்று சொன்னவர் வி.ஆர். கிருஷ்ணய்யர். ஏழைகளின் நீதிபதி என்று நாம் கொண்டாடுகிறவர். அரசு பஸ்ஸின் வருமானமும் ஏழையின் சொத்துதான் என்ற எண்ணம் அதன் பின்னால் இருந்திருக்கலாம். ஆனால் அன்று முதல் அந்த ‘கொஞ்சமாவது சாட்சியம்’ எத்தனை கண்டக்டர்கள்மேல் மேற்கோளாக விழுந்திருக்கிறது. நல்ல நடையும் நல்ல மனசும் உள்ள எழுத்தாளர் ஒரு மோசமான வரியை எழுதிவிட்டுப் போனால், அந்த வரி அவருடைய மற்ற எழுத்துகளைவிட நீண்ட நாள் வாழ்ந்துவிடுகிறது.

4

இனி இரண்டாவது வாசகருக்கு வருவோம்.

1971 வரை தொழிலாளர் தீர்ப்பாயத்தின் கை பெருமளவு கட்டப்பட்டிருந்தது. 1957இல் இந்தியன் அயர்ன் அண்ட் ஸ்டீல் வழக்கு போட்ட எல்லை அது. நிர்வாகத்தின் முடிவில் நேர்மையின்மை, பழிவாங்கல், இயற்கை நீதி மீறல், அல்லது கொஞ்சமும் அடிப்படையில்லாத கண்டுபிடிப்பு இருந்தால் மட்டுமே தலையிடலாம். மற்றபடி தண்டனை அதிகம் என்று தோன்றினாலும் ஒன்றும் செய்ய முடியாது. இலக்கிய மொழியில் சொன்னால், அச்சுப்பிழை பார்க்கலாம், பிரதியை விமர்சிக்கக் கூடாது.

1963இல் சர்வதேசத் தொழிலாளர் அமைப்பு வேலைநீக்கம் பற்றி ஒரு பரிந்துரை வெளியிட்டது. அதன் தொடர்ச்சியாகத் தொழில் தகராறு சட்டத்தில் 11-ஏ என்ற பிரிவு சேர்ந்து, 1971 டிசம்பர் 15 முதல் அமலுக்கு வந்தது. இதன்படி லேபர் கோர்ட் சாட்சியத்தைத் தானே மறுபடி எடைபோடலாம். குற்றம் நிரூபணமே ஆகவில்லை என்று சொல்லலாம். குற்றம் உண்மை, ஆனால் வேலையை விட்டே அனுப்பும் அளவுக்கு இல்லை என்று சொல்லிக் குறைந்த தண்டனை தரலாம். 1973இல் ஃபயர்ஸ்டோன் டயர் வழக்கில், முன்பு நிர்வாகத்தின் திருப்தியே முடிவாக இருந்தது, இனி தீர்ப்பாயத்தின் திருப்தி வேண்டும் என்பதை உச்ச நீதிமன்றம் விளக்கமாக எழுதியது.

இந்த வாசகரிடம் போய்ச் சேரும் வழியும் படிப்படியாகத் திறந்ததுதான். தனி ஒரு தொழிலாளியின் வேலைநீக்கத்தை யூனியன் கையில் எடுத்தால்தான் அது தொழில் தகராறு என்று இருந்த நிலையை 1965இல் வந்த 2-ஏ பிரிவு மாற்றியது. அதற்குப் பிறகும் அரசு வழக்கை அனுப்பி வைத்தால்தான் லேபர் கோர்ட் எடுக்கும். தமிழ்நாடு 1988இலேயே திருத்தம் கொண்டுவந்து, சமரசம் முறிந்தால் தொழிலாளி நேராகக் கோர்ட்டுக்குப் போகலாம் என்று வைத்தது. நாடு முழுவதற்கும் அந்த வழி கிடைக்க 2010 ஆனது. கடை, அலுவலக ஊழியர்களுக்குத் தமிழ்நாடு கடைகள் மற்றும் நிறுவனங்கள் சட்டம், 1947இன் 41ஆம் பிரிவில் மேல்முறையீடு உண்டு. துணிக்கடையில் நிற்கிற பெண்ணுக்கும் இப்படி ஒரு வழி இருக்கிறது என்று அந்தக் கடை வாசலில் யாரும் எழுதி வைப்பதில்லை.

5

அந்த இரண்டாவது வாசகர் எப்படி வாசித்தார்? இதே திட்டு விவகாரத்தில் மூன்று தீர்ப்புகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைக்கிறேன்.

1982. உத்தரப் பிரதேச மின்துறை ஊழியர் ஒருவர். அதிகாரியிடம் மிரட்டும் தோரணையில், நாகரிகமில்லாமல் பேசினார் என்பது குற்றச்சாட்டு. வேலைநீக்கம். வழக்கு உச்ச நீதிமன்றம் வந்தபோது நீதிபதி டி.ஏ. தேசாய் குற்றத்தை மறுக்கவில்லை. 14 வருஷம் கரும்புள்ளி இல்லாமல் வேலை பார்த்த ஒரு மனிதர், ஒரு நாள், ஒரு தடவை வாய் தவறினார் என்று வாசித்தார். இரண்டு ஊதிய உயர்வை நிறுத்து, ஆளை வேலையில் வை என்றார். அந்தச் சொல்லைப் 14 வருஷத்துக்கு நடுவில் கொண்டுபோய் வைத்ததும் அதன் அளவே மாறிவிட்டது.

1984. டெல்டன் கேபிள் வழக்கு. கேட்டில் நிற்கும் செக்யூரிட்டி இன்ஸ்பெக்டர், மோசமான வார்த்தைகளில் திட்டியதாகக் குற்றச்சாட்டு. ‘இன்ஸ்பெக்டர்’ என்று பட்டம் இருப்பதால் அவர் தொழிலாளியே இல்லை என்று நிர்வாகம் வாதாடியது. பட்டத்தைப் பார்க்காதே, அவர் கையால் செய்த வேலையைப் பார் என்றது நீதிமன்றம். தண்டனை குற்றத்துக்குச் சற்றும் பொருந்தாதது என்றும் சொன்னது.

2005. மகிந்திரா வழக்கு. மேற்பார்வையாளரை ஆபாசமாகத் திட்டிய தொழிலாளி. தண்டனை அதிகம் என்று லேபர் கோர்ட் குறைத்திருந்தது. உச்ச நீதிமன்றம் வேலைநீக்கம் சரி என்று திருப்பிப் போட்டது. நாகரிகச் சமூகம் சகிக்க முடியாத வார்த்தைகள், 11-ஏ பிரிவு என்பது கருணைக்கான வெற்றுக் காசோலை கிடையாது என்பது அதன் சாரம்.

இருபத்து மூன்று வருஷத்தில் வார்த்தைகளா மாறின? வாசிக்கும் முறை மாறியது. 1982இன் வாசகர் “இது எந்தச் சூழலில், யார், எத்தனை வருஷத்துக்குப் பிறகு சொன்னது?” என்று கேட்டார். 2005இன் வாசகர் சொல்லைப் பிரதியிலிருந்து பிடுங்கித் தனியாக மேஜையில் வைத்து, “இது எவ்வளவு அசிங்கம்?” என்று கேட்டார். தனியாக மேஜையில் வைத்தால் எந்த வசைச்சொல்தான் அழகாக இருக்கும்? பிரஸ் ஷாப் இரைச்சலில் கத்தினால்தான் காது கேட்கும், பாதி வாக்கியம் வசவாகத்தான் இருக்கும் என்று மண்ணூர்பேட்டையில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். பொருளாதாரத் தாராளமயத்துக்குப் பிறகு நீதிமன்றத்தின் பார்வையே தொழிலாளியை விட்டு நகர்ந்துவிட்டது என்று சட்டம் எழுதுகிறவர்கள் பலர் சொல்வதுண்டு. அந்த நகர்வு ஒரு சொல்லை வாசிக்கும் முறையில்கூடத் தெரிகிறது என்பது என் கவனிப்பு.

இங்கே ஒரு நியாயமான எதிர்க்கேள்வி வரும். சூழலை வைத்து வாசித்தால் எல்லா வசவும் மன்னிக்கப்பட்டுவிடுமா? இல்லை. சூழல் இரண்டு பக்கமும் வெட்டும். சக தொழிலாளியின் சாதியைச் சொல்லித் திட்டியதும், லைனில் நிற்கும் பெண்ணைப் பார்த்துச் சொன்னதும், அகராதியில் சாதாரணமான சொல்லாகவே இருக்கலாம். சூழலை வைத்துப் பார்த்தால்தான் அதன் விஷம் தெரியும். வெளியிலிருந்து பார்த்தால் வெறும் ஊர்ப்பெயர், உள்ளே இருப்பவருக்குக் கன்னத்தில் அறை. சொல்லை மட்டும் எடைபோடும் வாசிப்பு ஃபிட்டரின் கோபத்தைப் பெரிதாக்கும், இந்த விஷத்தைத் தப்பவிடும். ஆக நான் கேட்பது சலுகை இல்லை, முழுப் பிரதி.

6

முழுப் பிரதியை வாசிக்க நேரம் ஆகும். அந்த நேரத்தைக் கொடுப்பது யார் என்பதில்தான் இந்தப் பரிகாரத்தின் பெரிய ஓட்டை இருக்கிறது.

பாரத் ஃபோர்ஜ் வழக்கை எடுத்துக்கொள்ளுங்கள். 1983 ஆகஸ்ட் 26, காலை 11.40. ஒரு தொழிலாளி வேலையிடத்தில் இரும்புத் தகட்டின் மேல் படுத்துத் தூங்கிக்கொண்டிருந்தார். ஏற்கெனவே மூன்று முறை சின்னத் தண்டனை பெற்றவர். வேலைநீக்கம். கீழே தீர்ப்புகள் மாறி மாறி வந்து, கடைசியில் வேலைநீக்கம் சரிதான் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது 2005இல். தீர்ப்போடு நான் உடன்படுகிறேனா என்பது இருக்கட்டும். மணியும் நிமிஷமும் தவறாமல் பதிவான அந்தத் தூக்கத்தைப் பற்றி முடிவெடுக்க இருபத்தோரு வருஷம் ஆகியிருக்கிறது. அந்த வருஷங்களை எந்தத் தீர்ப்பும் தண்டனைக் கணக்கில் சேர்ப்பதில்லை.

கோலார் தங்கவயல் வழக்கு இதன் மறுபக்கம். பாரத் கோல்டு மைன்ஸின் பாதுகாப்பு அதிகாரி. 1985இல் வீட்டில் போலீஸ் சோதனை, தங்க உருண்டையும் தங்கம் கலந்த மணலும் கிடைத்ததாக வழக்கு. சஸ்பென்ஷன். பிழைப்பூதியம் தரவில்லை. சொந்த ஊரில் உடம்புக்கு முடியாமல் கிடந்தவர், கையில் காசில்லாமல் விசாரணைக்கு வர முடியவில்லை. அவர் இல்லாமலே விசாரணை நடந்து, 1986இல் வேலைநீக்கம். 1987இல் குற்றவியல் நீதிமன்றம் சோதனையே நிரூபணம் ஆகவில்லை என்று விடுதலை செய்தது. வேலை திரும்பக் கிடைத்தது 1999இல், உச்ச நீதிமன்றத்தில். பட்டினி போட்டுவிட்டு விசாரணைக்கு வா என்று கூப்பிடுவது வாழும் உரிமையையே மீறுவது என்றது அந்தத் தீர்ப்பு. வாசிக்கும்போது தொண்டை அடைக்கும் தீர்ப்பு. ஆனாலும் பதிமூன்று வருஷம் பதிமூன்று வருஷம்தானே.

தமிழ்நாடு இந்த விஷயத்தில் முன்னால் யோசித்த மாநிலம். 1981இன் பிழைப்பூதியச் சட்டப்படி, சஸ்பென்ஷனில் முதல் 90 நாள் பாதிச் சம்பளம், அடுத்து 180 நாள் வரை முக்கால், அதன் பிறகு முழுச் சம்பளம். விசாரணையை இழுத்தால் கம்பெனிக்குச் செலவு கூடும் என்ற எளிய கணக்கு. கோர்ட்டில் ஜெயித்த பிறகு நிர்வாகம் உயர் நீதிமன்றம் போனால், வழக்கு முடியும் வரை கடைசியாக வாங்கிய சம்பளத்தைக் கொடுக்க வேண்டும் என்றது பழைய சட்டத்தில் 1984இல் வந்த 17-பி பிரிவு. கடைசியாக வாங்கியது என்றால் வேலை போன அன்றைய சம்பளம். பால் விலை ஏறும், வாடகை ஏறும், அது அப்படியே நிற்கும். தவறான வேலைநீக்கம் என்றால் இடைப்பட்ட சம்பளம் தருவதே இயல்பு, தராமலிருப்பதே விலக்கு என்று 2013இல் தீபாலி சுர்வாசே வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது கொஞ்சம் ஆறுதல்.

7

இதை வாசிக்கும் பலரும் லேத் பட்டறையில் இருக்க மாட்டீர்கள் என்று தெரியும். கண்ணாடிக் கட்டடத்தில் இருப்பீர்கள். உங்களுக்கு மெமோகூட வராது. ஒரு மீட்டிங் வரும். அறையில் இரண்டு பேர், ஒரு லேப்டாப், “நீங்களே ரிசைன் பண்ணிட்டா உங்க கரியருக்கு நல்லது”. அங்கே அடிக்கப்படும் ராஜினாமா மெயில்தான் இன்றைய காலத்தின் சாமர்த்தியமான பிரதி. அதில் குற்றச்சாட்டு இல்லை, விசாரணை இல்லை, கதைசொல்லி நீங்களே. இரண்டாவது வாசகருக்கு வாசிக்க ஒன்றுமே மிச்சமில்லை. பழைய மெமோ எவ்வளவு மோசமான உரைநடையாக இருந்தாலும், அதை எதிர்த்து வாதாடலாம். உங்கள் கையெழுத்தோடு இருக்கும் ராஜினாமாவை எதிர்த்து வாதாடுவது உங்களையே எதிர்த்து வாதாடுவது.

ராஜினாமா கொடுக்காமல் நின்றவர்களும் உண்டு. 2015இல் டி.சி.எஸ். வேலையை விட்டு அனுப்பிய சென்னைப் பொறியாளர் ஒருவர் லேபர் கோர்ட்டுக்குப் போனார். அவர் மேலாளர், தொழிலாளி இல்லை என்றது நிறுவனம். அவர் உண்மையில் செய்த வேலையைப் பார்த்து, அவரைத் தொழிலாளி என்று ஏற்று, சம்பளத்தோடு திரும்ப வேலையில் சேர்க்கச் சொன்னது நீதிமன்றம். ஆண்டு 2022. டெல்டன் கேபிள் கேட்டில் நின்ற இன்ஸ்பெக்டருக்கும் கண்ணாடிக் கட்டடத்துப் பொறியாளருக்கும் நடுவே முப்பத்தெட்டு வருஷம். பட்டத்தை ஒதுக்கிவிட்டு வேலையைப் பார்க்கும் வாசிப்பு ஒன்றுதான்.

2025 நவம்பர் 21 முதல் தொழில் உறவுகள் தொகுப்பு, 2020 அமலுக்கு வந்திருக்கிறது. பழைய தொழில் தகராறு சட்டம் அதற்குள் போய்விட்டது. மறுவாசிப்பு செய்யும் அதிகாரம் புதிய தொகுப்பில் இருக்கிறது. சஸ்பென்ஷனில் இருப்பவர் மீதான விசாரணையைச் சாதாரணமாக 90 நாளில் முடிக்க வேண்டும் என்பதும் இருக்கிறது. இவை நல்லது. ஆனால் நிலையாணைகள் கட்டாயம் என்பது முன்பு 100 தொழிலாளர் உள்ள இடத்துக்கு, இப்போது 300 பேர் உள்ள இடத்துக்கு. எஸ்டேட்டின் சந்துகளில் நடந்து பாருங்கள், 300 பேர் வேலை செய்யும் கேட் எத்தனை கண்ணில் படுகிறது என்று. மற்ற இடங்களில் எது ஒழுங்கீனம் என்ற பட்டியலே சட்டப்படி கட்டாயமில்லை. முன்பு தொழிலாளிக்கு லேபர் கோர்ட் போக மூன்று வருஷ அவகாசம். இப்போது தகராறு எழுந்து இரண்டு வருஷம் தாண்டினால் சமரச அதிகாரி அதைக் கையில் எடுக்க முடியாது. இரண்டாவது வாசகர் இருக்கிறார், அவர் வாசலுக்குப் போகும் படிதான் உயர்ந்துவிட்டது.

8

கடைசியாக, இந்த முழு நாடகத்திலும் தொழிலாளி தன் கையால் எழுதும் பிரதி ஒன்றே ஒன்று: விளக்கக் கடிதம். நான் பார்த்த வரையில் நம் ஆட்கள் மோசமாக எழுதுவதும் அதைத்தான்.

“ஐயா, அன்று குடும்பச் சூழ்நிலை காரணமாகக் கோபத்தில் பேசிவிட்டேன். இனிமேல் இப்படி நடக்காது. மன்னிக்கவும்.” ஜெராக்ஸ் கடையில் நின்றபடி, மேனேஜர் நல்ல மனுஷன், மன்னிப்பு கேட்டால் விட்டுவிடுவார் என்று யாரோ சொன்னதை நம்பி எழுதும் மூன்று வரி. நம் ஊர் வழக்கத்தில் மன்னிப்பு சண்டையை முடிக்கும். கம்பெனி வழக்கத்தில் அது ஒப்புதல் வாக்குமூலம். அந்த மூன்று வரி கோப்பில் ஏறிவிட்டால், பிறகு நிரூபிக்க ஒன்றும் பாக்கியில்லை. சூப்பர்வைசர் முதலில் சொன்ன ‘நீ’ அதில் இல்லை. மெஷின் காவல் தகடு கழன்றிருந்தது, அதனால்தான் ஓட்ட மாட்டேன் என்றேன் என்பது அதில் இல்லை. அன்று டபுள் ஷிப்ட் என்பது இல்லை. பத்து வருஷத்தில் ஒரு மெமோ வாங்கியதில்லை என்பது இல்லை. 1982இன் நீதிபதி தேடிய விவரங்கள் இவைதான். எழுதாத விவரத்தை எவ்வளவு நல்ல வாசகரும் வாசிக்க முடியாது.

எழுதத் தெரிந்த நம்மைப் போன்றவர்களுக்கு இதில் ஒரு வேலை இருக்கிறது. பக்கத்து வீட்டு அண்ணன் ஒரு தாளோடு வந்து “இதுக்கு ஒரு பதில் எழுதிக் குடுப்பா” என்று கேட்டால், உடனே பேனாவை எடுக்காமல் முதலில் அவரைக் கதை சொல்ல விடுங்கள். யார் முதலில் பேசியது, என்ன சொல், எந்த மெஷின், யார் பக்கத்தில் நின்றது, மணி என்ன. எந்த வார்த்தை என்று மெமோவில் இல்லையென்றால், எந்த வார்த்தை என்று கேட்டு எழுதுங்கள். ஆவணங்களின் நகலைக் கேட்டு எழுதுங்கள். விசாரணையைத் தமிழில் பதிவு செய்யச் சொல்லி எழுதுங்கள். மன்னிப்பு கேட்பதா வேண்டாமா என்று யூனியனிடமோ தொழிலாளர் வழக்கறிஞரிடமோ பேசிய பிறகு முடிவு செய்யுங்கள். ஒரு நகலில் தேதியோடு கம்பெனியின் சீல் வாங்கச் சொல்லுங்கள்.

பெயரடை வேண்டாம். நடந்ததை நடந்த வரிசையில், பேசியதைப் பேசிய மொழியில் எழுதினால் போதும். பத்து வருஷம் கழித்து, முகம் தெரியாத ஒரு வாசகர் அதை எடுத்துப் பார்க்கக்கூடும்.